ஆக்சென்ட் வாத்தியாரின் சொந்தக் குரல்

அமெரிக்காவில், டெக்சாஸ் மாநிலத்தில் இருக்கும் எங்கள் பிளானோ ஆபீஸில் அமெரிக்க உச்சரிப்பு சொல்லித்தருபவர் ஸ்காட்லாந்துக்காரர், வயதான நடிகர். உளவாளி, பாதிரியார், சமையல்காரர் என்று வாழ்நாள் முழுக்கச் சின்னச் சின்ன வேஷங்கள். எந்த ஊர்க்காரர் மாதிரியும் பேசுவார்.

இன்று வகுப்பில் சுதா கேட்டாள்: "சார், உங்க சொந்த ஆக்சென்ட்ல கொஞ்சம் பேசுங்களேன்!"

அவர் முகம் மலர்ந்துவிட்டது. "இதை யாருமே கேட்டதில்லம்மா" என்றார். அப்பா மீன்பிடிப் படகில் போனதையும், தான் முதல் நாடகத்தில் பிணமாகப் படுத்திருந்ததையும் தன் ஊர்ப் பேச்சிலேயே சொன்னார். சொல்லும்போது கண் கலங்கியது.

மதியம், அதே வகுப்பில் இருந்த கார்த்தி மேனேஜரிடம் போனான். "ஒரு வார்த்தைகூடப் புரியல. இவரா நமக்கு ஆக்சென்ட் கத்துத்தர்றது?"

"நல்லாத்தானே சொல்லித்தர்றாரு" என்றேன் நான்.

மேனேஜர் சிரித்தார். "விடுங்க, ஆக்சென்ட் கத்துக்க ஒரு மொபைல் ஆப் வாங்கிக்கலாம்."

சாயங்காலம் மேனேஜர் பெரியவரை என் சீட் பக்கத்திலேயே நிறுத்தி, இனி வரவேண்டாம் என்று சொல்லிவிட்டார். பெரியவர் அசல் அமெரிக்கர் மாதிரி, "நோ ப்ராப்ளம்" என்று சிரித்துவிட்டுப் போனார்.

அது மட்டும் கார்த்திக்குத் தெளிவாகப் புரிந்ததாம்.

உங்கள் ஆபீஸ் கார்த்தியின் பெயர் என்ன?