தாலாட்டு சாரின் உண்மைச் சோதனை

வந்தவரைத் தூங்கவைக்கப் பத்திலிருந்து கீழ்நோக்கி எண்ணத் தொடங்கும் முன் சார் ஜன்னலைத் திறந்து, கீழே இருக்கும் வண்டி மெக்கானிக்கிடம் சொல்லிவிடுவார்: “தம்பி, பத்து நிமிஷம் தட்டாதப்பா.”

“இன்னைக்கு யாரு சார்? பரீட்சை பயமா, பல்லி பயமா?”

உடனே ஜன்னலைச் சாத்துவார். மனோவசியம் செய்பவர் சிரிக்கக் கூடாது என்பது அவர் கொள்கை. தெருவே அவரைத் தாலாட்டு சார் என்கிறது. மூடிப்போன சலூனில் வாங்கிய சாயும் நாற்காலி, நீல பல்பு, அஞ்சல் வழியில் படித்து வாங்கிய சான்றிதழ். “இவரு சொல்லி எங்க வீட்டு நாய்கூடப் படுக்காது” என்பது மனைவி தந்த சான்றிதழ்.

மேடைக்கூச்சம், நகம் கடிப்பது என்று வந்தவர்களில் சிலருக்குச் சரியாகித்தான் இருக்கிறது. அதோடு நின்றிருக்கலாம். ஆனால் “என்னால முடியாது” என்பது மட்டும் அவர் வாயில் வராது.

அன்று லாண்டரி முதலாளி, தன் கடையில் இஸ்திரி போடும் பெண்ணைப் பிடித்துத் தள்ளாத குறையாக அழைத்து வந்தார். யாரோ ஒருவரின் கோட்டுப் பையிலிருந்த கைக்கடிகாரத்தைக் காணோம். “தூங்க வச்சுக் கேளுங்க சார், உண்மை தானா கொட்டும். எடுத்திருந்தா இன்னையோட வேலை காலி.”

“கேளுங்கய்யா. பதினாறு வருஷத்துல ஒரு பட்டன்கூட எடுத்ததில்ல,” என்றாள் அவள்.

வசியத்திலும் மனிதன் பொய் சொல்வான், கேட்பவன் விரும்புவதையும் சொல்வான். பாடப்புத்தகத்தில் சாரே சிவப்பு மையால் கோடிட்ட வரி அது. அதை முதலாளியிடம் சொல்ல ஒரு நிமிடம் போதும். சொன்னால் கெத்து என்னாவது? எண்ணத் தொடங்கினார்.

பத்திலிருந்து ஏழுக்கு வருவதற்குள் அவள் குறட்டை விட்டாள். விடிந்ததிலிருந்து நின்றே தேய்த்தவளுக்குச் சாய்ந்துகொள்ள நாற்காலி கிடைத்தால் வசியம் எதற்கு?

“ஆழ்நிலை,” என்று கிசுகிசுத்தார் சார். “கடிகாரம் எங்கம்மா?”

“சூடு பத்தல... இன்னொரு தடவ தேய்க்கணும்,” என்று முனகிவிட்டுத் தலையை மறுபக்கம் சாய்த்தாள்.

“என்ன சார், எடுத்தாளா இல்லையா?”

சார் தொண்டையைச் செருமினார். “நேரா பதில் வரல பாருங்க. ஆழ்மனசு எதையோ மறைக்குது.”

முதலாளிக்கு அது போதும். அவளை உலுக்கி எழுப்பி, “நாளைலேருந்து வராத” என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினார்.

“நான் என்னய்யா சொன்னேன்?” என்று கேட்டாள் அவள், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

சார் தன் முகவரி அட்டையை எடுத்து நீட்டினார். “மனசு கலங்கியிருக்கும். தூக்கம் வரலைன்னா வாங்கம்மா.”

அவள் கை நீட்டவில்லை. அட்டையை அவள் பைக்குள் அவரே செருகினார்.