என் கையால் அடித்த டிஸ்மிஸ் உத்தரவு

சர்க்கார் ஆபீசில் டைப்பிஸ்டாக இருப்பவளுக்கு, அடுத்தவர் தலையில் விழப்போவது அவருக்குத் தெரியும் முன்பே தெரிந்துவிடும். மெமோ வாங்கியவர்கள், வாங்கப்போகிறவர்கள், பழுப்பு உறையைக் கண்டாலே பயப்படுகிறவர்கள் எல்லோரும் என் கட்சிதான் என்பதால் உங்களிடம் சொல்கிறேன். எழுபதுகளில் காஞ்சிபுரத்தில் நடந்தது இது.

நடக்காத விசாரணை

எங்கள் ஆபீஸ் அட்டெண்டர் முனுசாமி பக்கத்து மாகறல் கிராமத்துக்காரர். ஒரு நிலத் தகராறு ஃபைல் காணாமல் போனபோது, பீரோ சாவி அவரிடம் இருந்தது என்பதற்காகச் சூப்பரின்டெண்டென்ட் பழியை அவர்மேல் போட்டார். ஒரு மத்தியானம் என்னைக் கூப்பிட்டு உட்காரவைத்து, விசாரணை அறிக்கையைச் சொல்லச் சொல்ல அடிக்கச் சொன்னார். கேள்வியையும் அவரே சொன்னார், முனுசாமியின் பதிலையும் அவரே சொன்னார். கடைசி வரி, ‘மேற்படியார் கையெழுத்திட மறுத்துவிட்டார்.’

மேற்படியார் அந்த நேரம் வராந்தாவில் உட்கார்ந்து ஃபைல் கட்டுகளுக்கு நாடா கோத்துக்கொண்டிருந்தார். “அவரைக் கூப்பிடலையா சார்?” என்றேன். சூப்பரின்டெண்டென்ட் பேனா மூடியைத் திருகிக்கொண்டே கேட்டார்: “நீ டைப் அடிக்க வந்தியா, கேள்வி கேக்க வந்தியா?”

நான்கு பிரதிகள்

மறு வாரம் டிஸ்மிஸ் உத்தரவும் என்னிடமே வந்தது. கார்பன் வைத்து நான்கு பிரதிகள். ‘பணியிலிருந்து நீக்கப்படுகிறார்’ என்ற வரியில் மூன்று தரம் தப்படித்தேன். அந்தச் சமயம் பார்த்து முனுசாமி டீயோடு வந்து நின்றார். கையால் தாளை மறைத்துக்கொண்டேன். அவர் தாளைப் பார்க்கவில்லை, என் விரல்களைத்தான் பார்த்தார்.

“கை நடுங்குதே, காய்ச்சலாமா? மாத்திரை வாங்கியாரட்டா?”

இடது மூலை

டைப் அடித்தவரின் இனிஷியலைத் தாளின் இடது மூலையில் போடுவது வழக்கம். முனுசாமி முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார். விசாரணை அறிக்கையில் அவருடைய வக்கீல் கண்ணில் பட்டது அந்த இரண்டு எழுத்துதான். சாட்சி சம்மன் என் பேருக்கு வந்தது.

சூப்பரின்டெண்டென்ட் கோபிக்கவே இல்லை. “ராமநாதபுரம் ஜில்லாவில ஒரு இடம் காலியா இருக்காம். உன் கைக்குழந்தைக்கு அந்த ஊர் வெயில் ஒத்துக்குமோ என்னவோ” என்றார். அதன்பிறகு எனக்குச் சோறு இறங்கவில்லை. பியூன் தபால் பையோடு உள்ளே வந்தாலே என் பேருக்கு ஏதாவது இருக்கிறதா என்றுதான் பார்த்தேன். ஒருநாள் காலை, பிள்ளையார்பாளையத்து வீட்டில் தறிக்குழியில் உட்கார்ந்து நெய்துகொண்டிருந்த என் வீட்டுக்காரரிடம் எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் தறி நாடாவை நிறுத்தினார். அறுந்திருந்த ஒரு இழையை முடிச்சுப் போட்டார்.

“உள்ளதச் சொல்லிட்டு வா. வேலை பூடுச்சின்னா என் எதுர்ல மட்டும் அழுவாத, எனக்குத் தறி ஓடாது.”

கூண்டு

சாட்சிக் கூண்டில் ஏறியதும் என் அப்பா பெயரே எனக்கு மறந்துபோனது. முன் பெஞ்சில் சூப்பரின்டெண்டென்ட் கைகட்டி உட்கார்ந்திருந்தார். முனுசாமியின் வக்கீல் கேட்டதற்கு, அறிக்கை பொய் என்று மட்டும் சொன்னேன். அரசாங்க வக்கீல், “அறிக்கையை அடித்ததும் நீங்கள், பொய் என்பதும் நீங்கள். எதை நம்புவது?” என்று கேட்டார். “அன்னைக்கு சூப்பரின்டெண்டென்ட் சொல்லச் சொல்ல அடிச்சேன். முனுசாமி உள்ளயே வரலை. யாரும் அவரை ஒண்ணும் கேக்கலை” என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. நீதிபதி இன்னொரு தரம் சொல்லச் சொன்னார். சொன்னேன்.

வெளியே வேப்பமரத்தடியில் முனுசாமி நின்றிருந்தார். நன்றியெல்லாம் சொல்லவில்லை. என்னைவிட அவர் முகம்தான் வெளுத்திருந்தது.

“உன்னியும் தூக்கிடுவாங்களேமா. நா உன்ன கூப்புட்டிருக்கக் கூடாது.”

நிர்வாக நலன்

பத்து நாளில் மாற்றல் வந்தது. ‘நிர்வாக நலன் கருதி’ நான் பரமக்குடிக்கு. அந்த டிராஃப்டையும் என் மேஜைக்கே அனுப்பியிருந்தார்கள். நானே அடித்தேன், மூலையில் இனிஷியலும் போட்டேன். பிறகு முனுசாமியின் வக்கீலிடம் ஓடினேன். அவர் உத்தரவை இரண்டு முறை படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

“டிஸ்மிஸ்னா கோர்ட்டு கேக்கும்மா. மாற்றல்னா, வேலைன்னா அப்படித்தான் இருக்கும்னு சொல்லிடும்.”

தீர்ப்பு

குழந்தையைத் தூக்கிக்கொண்டு போனேன். பரமக்குடியில் இரண்டு வருஷம். எனக்கு அங்கே யாரையும் தெரியாது. மாதம் ஒருமுறை வீட்டுக்காரர் வந்து குழந்தையைப் பார்த்துவிட்டுப் போவார். அப்படி வந்த ஒரு தடவைதான் சேதி சொன்னார். விசாரணையே நடக்காததால் டிஸ்மிஸ் செல்லாது என்று தீர்ப்பாகி, அப்பீலிலும் அதுவே நின்று, முனுசாமி வேலையில் சேர்ந்துவிட்டார். சூப்பரின்டெண்டென்ட் அதற்குள் மாலை மரியாதையோடு ரிடையர் ஆகியிருந்தார்.

முனுசாமி யாரையோ விட்டு எழுதவைத்த கடிதத்தையும் வீட்டுக்காரர் கொண்டுவந்திருந்தார். அதில் இரண்டே வரி.

“வேலை கெடச்சிடுச்சிமா. ஆனா ஐயா ரூமுல பெல் அடிச்சா இன்னும் மாரு அடிச்சிக்கினே இருக்குது.”

என் சர்வீசில் பயமில்லாமல் நான் செய்த காரியம் ஒன்றுகூட இல்லை. பயந்துகொண்டே செய்ததில் ஒன்றே ஒன்று சரியாக அமைந்து, அதற்கும் பரமக்குடிதான் கிடைத்தது.