ஊமைப்படத்தில் ஓயாத வாய்

"அப்படியே நில்லு. உடனே திரும்பாத. இப்ப மெதுவா என்னைப் பாரு" என்கிறார் டைரக்டர். பார்க்க வேண்டியவர் அவருடைய மனைவி. கையில் பையோடு கடைக்குக் கிளம்பிக்கொண்டிருக்கிறார். அம்மாள் திரும்பாமலே செருப்பை மாட்டிக்கொண்டு படியிறங்கிவிடுகிறார். "பிடிவாதக்காரி. அப்பவே அப்படித்தான்" என்று என்னிடம் முறையிடுகிறார் டைரக்டர்.

ஊமைப்படக் காலத்தில் அவர் ஆறு படங்கள் எடுத்தவர். ஆறிலும் கதாநாயகன் அவரே. "வேற எவன் என் பேச்சைக் கேட்டான்?" கதாநாயகி இந்த அம்மாள். நடித்துக்கொண்டே உதடு அசையாமல் எல்லோருக்கும் உத்தரவு போடும் வித்தை டைரக்டருக்குக் கைவந்தது. "அடியாளே, விழுடா. குதிரைய இந்தப் பக்கம் திருப்பு." அந்த வித்தையின் நினைவாக வாயின் இடது ஓரம் இன்றும் கோணியே இருக்கிறது.

ஐந்து படங்கள் இப்போது இல்லை. சுருள்களை எடைக்குப் போட்டு, உருக்கிச் சீப்பாக்கிவிட்டார்கள். அதில் அவருக்கு வருத்தமில்லை. "என் படத்தை வெச்சுத்தான் ஊரே தலை சீவுச்சு" என்று வழுக்கையைத் தடவிக்கொள்கிறார்.

பேசும்படம் வந்தபோது ஒரு முதலாளி அவரை நம்பிப் பணம் போட்டார். வாய்ப் பழக்கம் லேசில் போகுமா? கதாநாயகி உயிர்விடும் கட்டத்தில், "கண்ணைத் தேய்க்காத, மை கலையும்" என்று ஓர் ஆண்குரல் தெளிவாகப் பதிவாகியிருந்தது. படம் நெடுக இதே கதை. முதலாளி தலையில் கைவைத்து உட்கார்ந்தார். பிறகு எழுந்து, 'முழுநீள நகைச்சுவைச் சித்திரம்' என்று சுவரொட்டி அடித்தார். படம் ஓடு ஓடென்று ஓடியது. டைரக்டர் அந்த அவமானத்தில் தொழிலையே விட்டார். "சோகப்படம்யா அது. சிரிச்சிட்டுப் போயிட்டானுங்க." அதன்பின் குடும்பத்தை ஓட்டியது அம்மாளின் தையல் மெஷின். அதன் அருகில் நாற்காலி போட்டுக்கொண்டு அதையும் அவர் டைரக்ட் செய்தார்.

போன மாதம் ஒரு திரைப்படச் சங்கத்தார் அவருடைய ஆறாவது படத்தில் ஒரு சுருளை எங்கோ கண்டெடுத்துத் திரையிட்டார்கள். நானும் போயிருந்தேன். காதலர் பிரியும் காட்சி. டைரக்டர் கேமராவுக்கு முதுகு காட்டிய ஒரே காட்சியாம் அது. அவர் தோளில் சாய்ந்து, நம்மைப் பார்த்தபடி அம்மாள் ஏதோ சொல்கிறார். கண்ணில் நீர் கோக்கிறது. டைரக்டர் எழுந்து விளக்கினார்: "'பிராணநாதா, உங்களைப் பிரிந்து எப்படி உயிர்வாழ்வேன்'னு சொல்றா."

முன்வரிசையில் ஒரு பெண் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். அவருக்குக் காது கேட்காது. உதட்டைப் பார்த்தே பேச்சைப் புரிந்துகொள்பவர். பக்கத்திலிருந்த அக்காவிடம் கைஜாடையில் எதையோ சொன்னார். என்னவென்று எல்லோரும் கேட்க, அக்கா தயங்கித் தயங்கிச் சொன்னார்:

"அந்தம்மா அப்படிச் சொல்லலையாம். 'என் காலை மிதிச்சிட்டு நிக்கிறீங்க. உயிர் போகுது. எத்தனை தடவை சொல்றது'ன்னு கேக்குறாங்களாம்."

சுருள் ஓடி முடிந்து விளக்கைப் போட்ட பிறகும் அரங்கில் சிரிப்பு அடங்கவில்லை. டைரக்டர் பக்கத்திலிருந்த மனைவியைத் திரும்பிப் பார்த்தார். "நிஜமாவா?"

"ஒரு வாரம் நொண்டினேன். துக்கத்துல நடை தளர்ந்த மாதிரி நல்லாயிருக்குன்னு அதையும் படம் பிடிச்சீங்க."

"எங்கிட்ட சொல்லவேயில்லையே?"

"சொன்னேன். நீங்க கத்துற கத்துல எது கேக்கும்?"

"வேற என்னெல்லாம் சொன்ன?"

"அதான் படத்துல இருக்கே. பாத்துக்குங்க."

டைரக்டர் கைத்தடியை ஊன்றி எழுந்தார். பிறகு சுருளை முதலிலிருந்து மறுபடி ஓட்டச் சொன்னார். நாற்காலியை இழுத்துக்கொண்டு போய் அந்த அக்காவின் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தார். விளக்கு அணைந்தது. பின்வரிசையில் யாரோ இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். திரையின் வெளிச்சத்தில் டைரக்டர் திரும்பிப் பார்த்து, விரலைத் தன் உதட்டின்மேல் வைத்தார்.