சந்தேஷுக்குத் தடை போட்ட கோச்

இரண்டு வருடங்களுக்கு முன்னால், கொல்கத்தாவில் லேக் கார்டன்ஸ் பகுதிக்கு நாங்கள் குடிவந்த புதிதில் நடந்தது இது. நான் வங்கி அதிகாரி. திருநெல்வேலியிலிருந்து மாற்றலாகி வந்து நான்கு மாதம்கூட ஆகவில்லை. வயது ஐம்பத்திரண்டு. அதுவரை என் காலில் பட்ட ஒரே பந்து, பள்ளிக்கூடத்தில் எவனோ எறிந்து முழங்காலைப் பதம்பார்த்த கிரிக்கெட் பந்துதான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் அங்கே சொல்லவேண்டிய நேரத்தில் நான் சொல்லவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் தெருமுனை டீக்கடை பெஞ்சில் அரட்டை நடக்கும். பேச்சு எப்போதும் கால்பந்துதான். ஊரின் இரண்டு பெரிய கிளப்புகளை முன்னிட்டு அண்ணனும் தம்பியும் முகம்கொடுத்துப் பேசாத வீடுகள்கூட உண்டாம். நான் மண் குவளையில் டீயைக் குடித்துக்கொண்டே தலையாட்டுவேன். ஒருநாள் ஹோமியோபதி டாக்டர் ஒருவர், அந்த வட்டாரத்துக் கிளப்பின் செயலாளர், என் பக்கம் திரும்பி, "உங்க ஊர்ல கிரிக்கெட் மட்டும்தானே? கால்பந்தெல்லாம் உங்களுக்கு எங்க புரியப்போகுது, பாவம்" என்றார். அந்தப் 'பாவம்'தான் என்னைக் கெடுத்தது.

அந்த வாரம்தான் மெட்ரோவில் போகும்போது மொபைலில் ஒரு கட்டுரை படித்திருந்தேன். நூறு வருடத்துக்கு முந்தைய ஓர் ஆங்கிலேயப் பயிற்சியாளரைப் பற்றியது. அதை அப்படியே அவிழ்த்துவிட்டேன். அந்தக் காலத்து இங்கிலாந்தில் பந்தைத் தூக்கி அடித்துவிட்டுப் பின்னாலேயே ஓடுவதுதான் ஆட்டம்; அதற்கு வாத்தியார் எதற்கு என்று கேட்பார்கள். இந்த மனிதர் மட்டும், பந்து தரையிலேயே இருக்கவேண்டும், காலுக்குக் கால் சின்னச் சின்னதாக நகரவேண்டும், ஆட்டக்காரன் என்ன தின்கிறான் என்பதும் ஆட்டத்தில் சேர்த்தி என்றார். சொந்த ஊரில் யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. பெட்டியைக் கட்டிக்கொண்டு மொழி தெரியாத தேசங்களுக்குப் போனார். கரும்பலகையில் படம் போட்டே சொல்லிக்கொடுத்தார். அவரிடம் படித்தவர்கள் பின்னாளில் வெள்ளைக்காரர்களுக்கே ஆட்டம் காட்டினார்கள்.

பக்கத்தில் நின்று பார்த்தவன் மாதிரி சொன்னேன். பெஞ்சு மொத்தமும் என் பக்கம் நகர்ந்து உட்கார்ந்தது. "நீங்க கோச்சிங் பண்ணியிருக்கீங்களா?" என்று ஒருவர் கேட்டார். நான் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. சிரித்துவைத்தேன்.

அன்று சாயங்காலமே டாக்டர் ஐந்து பேரோடும் அந்த ஊர்ப் பால் இனிப்பான சந்தேஷ் ஒரு பெட்டியோடும் வீட்டுக்கு வந்துவிட்டார். ஒவ்வொரு ஆகஸ்ட் பதினைந்தும் அங்கே கல்யாணமானவர்களுக்கும் ஆகாதவர்களுக்கும் கால்பந்துப் போட்டி நடக்குமாம். கல்யாணமான கோஷ்டி வரிசையாக ஏழு வருடம் தோற்றிருக்கிறது. ஏழு வருடமும் கோல் காத்தவர், வந்தவர்களில் ஒருவரான மிட்டாய்க்கடைக்காரர். அந்த சந்தேஷ் அவர் கடையுடையதுதான். ஐம்பத்தெட்டு வயது, இரண்டு முழங்காலும் தேய்ந்துவிட்டது. இந்த வருடம்தான் கடைசி என்று டாக்டர் சொல்லிவிட்டாராம். மிட்டாய்க்கடைக்காரர் என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஒரே ஒரு தடவை ஜெயிச்சுட்டுக் கையுறையைக் கழட்டிடறேன், கோச்-தா" என்றார். 'தா' என்றால் அங்கே அண்ணன். என்னைவிட ஆறு வயது மூத்தவர் என்னை அண்ணன் என்கிறார்!

உள்ளேயிருந்து என் மனைவியின் குரல் வந்தது. "பஸ்ஸு கெளம்பிப் போனாலும் ஓட மாட்டிய, நீங்க என்னத்தச் சொல்லிக்குடுக்கப் போறிய?"

"அம்மா என்ன சொல்றாங்க?" என்றார் டாக்டர்.

"கண்டிப்பா ஜெயிப்பீங்கன்னு சொல்றா" என்றேன்.

இருபது நாள் பயிற்சி. மழையில் மைதானம் ஊறிக்கிடந்ததால் கிளப்பின் சிமெண்ட் முற்றத்தில் வைத்துக்கொண்டோம். கரும்பலகையில் வட்டமும் அம்புக்குறியுமாகப் போட்டுத் தள்ளினேன். வழவழப்பான தரையில் பந்து அழகாக உருண்டது. யாராவது, "கோச்-தா, ஒரு தடவை நீங்களே அடிச்சுக் காட்டுங்களேன்" என்றால், பயிற்சியாளர் பந்தைத் தொடவே கூடாது, அதுதான் அந்த ஆங்கிலேய சாஹேப்பின் முறை என்பேன். ஒருவர், "ஒருநாள் சேத்துல ஆடிப் பார்க்கலாமா?" என்று கேட்டதற்கு, சாஹேப் முறையில் அவசரமே கிடையாது என்று அடக்கிவிட்டேன். எல்லோரையும் பூட்ஸ் போடவைத்தேன். இனிப்புக்குத் தடை போட்டேன். மிட்டாய்க்கடைக்காரர் தினமும் காலையில் முதல் தட்டு சந்தேஷை ருசிபார்த்துவிட்டுத்தான் கடையைத் திறப்பவர். அந்த வேலையையும் சமையல்காரரிடம் விட்டுவிட்டார். ஒருநாள் சர்க்கரை தூக்கல், ஒருநாள் சப்பென்று. வாடிக்கையாளர்கள் திட்டினார்கள். மனிதர் வாயே திறக்கவில்லை. இத்தனைக்கும், சொல்லிக்கொடுத்ததை எல்லோரையும்விடச் சுத்தமாகச் செய்தவர் அவர்தான். பந்தைத் தரையோடு தள்ளுகிற அந்தத் தள்ளல் அவர் காலில் ஒட்டிக்கொண்டது.

போட்டியன்று விடிந்ததிலிருந்து மழை. மைதானத்தில் கணுக்கால் அளவு சேறு. டாக்டர் நான் சொன்னபடியே முதல் பந்தைத் தரையோடு பக்குவமாகத் தள்ளினார். இரண்டடி உருண்டது. அப்புறம் குட்டையில் எருமை மாதிரி உட்கார்ந்துகொண்டது. கல்யாணமாகாதவர்கள் வெறுங்காலோடு வந்து, கட்டைவிரலால் அதைக் கெல்லி எடுத்து எங்கள் தலைக்கு மேலே தூக்கி அடித்தார்கள். எங்கள் ஆட்கள் ஒரு பூட்ஸைச் சேற்றிலிருந்து பிடுங்குவதற்குள் அடுத்தது புதைந்தது. இடைவேளைக்குள் நாலு கோல் வாங்கிவிட்டோம்.

தார்ப்பாய்க்கு அடியில் பதினோரு பேரும் என்னைப் பார்த்தார்கள். "இப்ப என்ன செய்யணும், கோச்-தா? இதுக்கு சாஹேப் என்ன சொல்றாரு?" என்று மிட்டாய்க்கடைக்காரர் கேட்டார். கழுத்துவரை சேறு. அப்போதும் அவர் கண்ணில் நம்பிக்கை இருந்தது. அதை என்னால் தாங்க முடியவில்லை.

"எனக்கு ஆடத் தெரியாதுங்க. பந்தை ஒரு தடவைகூட உதைச்சதில்ல. எல்லாம் மொபைல்ல படிச்சது" என்று சொல்லிவிட்டேன்.

மிட்டாய்க்கடைக்காரர் மெதுவாக எழுந்தார். அறைதான் விழப்போகிறது என்று கண்ணை மூடிக்கொண்டேன்.

"நாலு கோல் போகட்டும், அது வருஷா வருஷம் போறதுதான். இருபது நாள்! என் கடையில செஞ்ச சந்தேஷையே நான் வாயில வெக்கல. எதுக்கு? ஒரு மொபைலுக்கா?"

யாரோ களுக்கென்று சிரிக்க, மற்ற பத்துப் பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டார்கள். கடைசியில் அவரும் சிரித்துவிட்டார். உடனே கடையிலிருந்து ஒரு பெட்டி வந்தது. ஐந்து நிமிடத்தில் காலி. டாக்டர் பூட்ஸைக் கழற்றியபடி சொன்னார்: "இந்தச் சேத்துல முப்பது வருஷமா விழுந்து எழுந்திருக்கோம். எங்களை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே?" இருபத்திரண்டு பூட்ஸையும் என் முன்னால் குவித்தார்கள். அதைக் காவல் காப்பது இனி என் வேலை.

அப்புறம் பார்க்கவேண்டுமே! வெறுங்காலில் அந்தத் தொப்பைகள் பறந்தன. ஒன்று, இரண்டு, மூன்று என்று கோல் விழுந்தது. நான் பூட்ஸ்களை மறந்து கத்திக்கொண்டிருந்தேன். கடைசி நிமிடத்தில் எங்களுக்கு ஒரு பெனால்டி; போட்டால் சமன். அதை யார் அடிப்பது என்று பேச்சே எழவில்லை. மிட்டாய்க்கடைக்காரர் மைதானத்தின் அந்தக் கோடியிலிருந்து தாங்கித் தாங்கி நடந்து வந்தார். எல்லோரும் வழிவிட்டார்கள்.

அடித்தார். கோல்கீப்பர் இடதுபக்கம் பாய்ந்தான், பந்து வலதுபக்கம் போனது. தரையோடு, பக்குவமாக, அச்சு அசலாக நான் சொல்லிக்கொடுத்தபடியே. வெறும் கோலை நோக்கி உருண்டுகொண்டே போய், கோட்டுக்கு ஒரு சாண் முன்னால் சேற்றில் நின்றுவிட்டது. அடித்தவரே மறுபடி தொடக்கூடாது. மற்றவர்கள் ஓடிவருவதற்குள் எதிரணிக்காரன் ஒருவன் அதை வெளியே தூக்கி அடித்தான். விசில் ஊதிவிட்டார்கள்.

அவர் சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டார். பக்கத்தில் போய் நின்றேன்.

அவர் நிமிர்ந்து பார்த்து, "கால் பழகிடுச்சு, கோச்-தா. நல்லாத்தான் சொல்லிக்குடுத்திருக்கீங்க" என்றார்.

அவர் அதைக் கிண்டலாகச் சொல்லியிருந்தால் நான் தப்பித்திருப்பேன். மனதாரச் சொன்னார்.

மறுநாள் அந்தக் கட்டுரையைத் தேடிப் பிடித்து மறுபடி படித்தேன். புது ஊருக்குப் போனால் முதல் சில வாரம் சாஹேப் வாயையே திறக்காமல் அந்த ஊர்க்காரர்களின் ஆட்டத்தைப் பார்த்துக்கொண்டிருப்பாராம். எங்கள் வீட்டிலிருந்து பவானிபூரில் இருக்கும் என் வங்கிக் கிளைக்கு மெட்ரோவில் மூன்றே ஸ்டேஷன்தான். அந்தப் பத்தி வருவதற்குள் அன்றைக்கு நான் இறங்கியிருக்கிறேன்.

மிட்டாய்க்கடைக்காரர், ஜெயிக்காமல் எப்படிக் கழற்றுவது என்று கையுறையை இன்னும் கழற்றவில்லை. டாக்டர் தலையில் அடித்துக்கொள்கிறார். நான் ஞாயிறு காலையில் வெறுங்காலோடு அவர்களிடம் பந்து உதைக்கக் கற்றுக்கொள்கிறேன். பெயர் மட்டும் இன்னும் கோச்-தாதான். அரைகுறையாகத் தெரிந்த எதையாவது பேச இப்போதும் வாய் துறுதுறுக்கும்; ஆனால் நம்பி, அதன்படியே செய்துவிடுகிற நல்ல மனிதர்கள் இருக்கிறார்களே என்ற பயத்தில் அப்படியே விழுங்கிவிடுகிறேன்.