முன் கண்ணாடியில் ஒரு மலை

மணிவேலைப் பற்றி யாராவது நல்லவிதமாகப் பேசினால் எனக்கு அடிவயிறு எரிகிறது. பேசத்தான் செய்கிறார்கள். கை சுத்தம், பீடி சிகரெட் கிடையாது, காய்ச்சலோடுகூடப் பௌர்ணமிக்கு மலையைச் சுற்றி வருவான் என்கிறார்கள். எல்லாம் உண்மைதான். ஆனால் வருஷக்கணக்காகப் பக்கத்துக் கடையில் டீ ஆற்றிக்கொண்டு அவனைப் பார்த்தவள் நான். அவன் எப்படிப்பட்டவன் என்று என்னைக் கேளுங்கள், சொல்கிறேன்.

வேங்கிக்காலில் கலெக்டர் ஆபீஸைத் தாண்டினால் என் டீக்கடை. சுவரை ஒட்டினாற்போல அவனுடைய கார் டெக்கர்ஸ் கடை. சீட் கவர், ஹாரன், காலடி மிதி, தலையாட்டும் பொம்மை என்று இரண்டு பக்கமும் அடுக்கி வைத்து, நடுவில் ஓர் ஆள் போய் வர மட்டும் வழி விட்டிருப்பான். இவை எல்லாம் பேருக்குத்தான். அவனுக்குச் சோறு போட்டது கார் கண்ணாடிக்கு ஒட்டும் கறுப்பு பிலிம்.

அவன் செங்கம் பக்கத்து விவசாயக் குடும்பத்துப் பிள்ளை. நிலத்தில் இறங்கப் பிடிக்காமல் சென்னைக்குப் போய், ஒரு கடையில் பிலிம் ஒட்டக் கற்றுக்கொண்டு இங்கே வந்து சேர்ந்தான். வந்த புதிதில் மரியாதை ரொம்ப ஜாஸ்தி. "அக்கா, ஒரு டீ, சக்கரை கம்மியா" என்று வாசலில் நின்றபடியே கேட்பான். என் வீட்டுக்காரர் சக்கரபாணிதான் அவனை உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தார். அவருக்கு எதிரே வருகிறவன் எவனாக இருந்தாலும் தம்பி. அந்தக் குணத்தைத் திட்டித் திட்டி என் வாய் வலித்ததுதான் மிச்சம்.

காருக்குக் கறுப்புக் கண்ணாடி கூடாது என்பது ஊரறிந்த சட்டம். முன் கண்ணாடியும் பின் கண்ணாடியும் நூற்றுக்கு எழுபது பங்கு வெளிச்சத்தை விட வேண்டும். பக்கத்துக் கண்ணாடிகள் ஐம்பது பங்கு விட வேண்டும். அதன் மேல் பிலிம் ஒட்டவே கூடாது என்று சுப்ரீம் கோர்ட்டே சொல்லி வெகுகாலம் ஆகிறது. பிறகு விதியை ஏதோ திருத்தினார்கள் என்று சொல்லி, ஒட்டலாம் என்று ஒரு கட்சி, கூடாது என்று ஒரு கட்சி. இந்தச் சண்டையை என் கடை பெஞ்சில் தினம் கேட்கிறேன். எந்தக் கட்சி ஜெயித்தாலும் அந்த எழுபதும் ஐம்பதும் மாறவில்லை. மணிவேலுக்கு இது மனப்பாடம். கண்ணாடி வழியாக எவ்வளவு வெளிச்சம் போகிறது என்று அளக்கிற கருவிகூட ஒன்று வாங்கியிருந்தான். அதை மேஜை டிராயரில் போட்டுப் பூட்டிவிட்டு, வருகிறவர்களிடம், "புது ரூல் வந்துடுச்சு சார், இப்பல்லாம் யாரும் கேக்கறதில்ல" என்பான்.

ஏன் கேட்கவில்லை? நன்றாகக் கேட்டார்கள். கிரிவலப் பாதை முக்கில் வண்டியை ஓரங்கட்டி, பிலிமை அங்கேயே உரித்துப் போட்டார்கள். உரிபட்டவர்கள் இவன் கடை வாசலில் வந்து நின்று கத்தினார்கள். அப்போதுதான் இவன் மூளை வேலை செய்தது. அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

நம் ஊரில் கார் வாங்கியவன் எவனும் முன் கண்ணாடியின் மேல்பக்கம் அண்ணாமலையார் பெயரை எழுதாமல் விடமாட்டான். மணிவேல் அந்தப் பெயர்ப் பட்டியையும் கண்ணாடி முழுக்க ஒட்டும் கறுப்பு பிலிமையும் ஒரே துண்டாக வெட்டினான். மேலே மலை, உச்சியில் தீபம், அதன் கீழே 'அண்ணாமலையார் துணை', அதற்கும் கீழே வண்டிக்காரரின் பிள்ளை பெயர். எல்லாம் கத்தி முனையில் கையால் வெட்டியது. இருட்டை உரிக்க வேண்டுமானால் மலையையும் சேர்த்து உரிக்க வேண்டும். இந்த ஊர் போலீஸ்காரருக்கு அது முடிகிற காரியமா? பக்கத்துக் கண்ணாடிப் பிலிமைப் பரபரவென்று கிழித்த கை முன் கண்ணாடிக்கு வந்ததும் நின்றுவிடும். கன்னத்தில் போட்டுக்கொண்டு, "சரி சரி, நீயே எடுத்துடு" என்று அனுப்பிவிடுவார். எடுத்தவன் ஒருத்தனும் இல்லை. ஆசிரமத்துப் பக்கம் அறை எடுத்துத் தங்குகிறவர்களை ஏற்றிப் போகிற வண்டிகளிலிருந்து அரசியல்வாதி வண்டி வரைக்கும் இவன் வாசலில் வரிசை கட்டின. சாமியைக் காவலுக்கு நிறுத்திவிட்டு இவன் சம்பாதித்தான்.

முன் கண்ணாடிக்கு முழுத்துண்டு ஒட்டுவது ஒற்றை ஆளால் ஆகாது. ஒருவர் ஒரு முனையைத் தூக்கிப் பிடிக்க வேண்டும், சுருக்கம் விழாமல் மற்றவர் தேய்த்துக்கொண்டே வர வேண்டும். முனையைப் பிடித்துக் கொடுத்தது யார்? என் வீட்டுக்காரர்தான். இங்கே பால் பொங்கி அடுப்பில் வழியும். "மணி கூப்பிடறான் சரோ" என்று போய்விடுவார்.

இளஞ்செழியனின் வெள்ளை வண்டிக்கும் அவர்தான் பிடித்துக் கொடுத்தார். இளஞ்செழியன் மனை போட்டு விற்கிறவர். "உள்ள யார் உக்காந்துகிறான்னு ஒரு பயலுக்கும் தெரியக் கூடாது" என்று கேட்டு, இருப்பதிலேயே கறுப்பான பிலிமை ஒட்டச் சொன்னார். மலைக்குக் கீழே அவர் மகள் பெயர், ஆர்த்தி. ஒட்டி முடித்ததும் என் வீட்டுக்காரர் உள்ளே உட்கார்ந்து பார்த்துவிட்டு வந்தார்.

"இன்னா மணி, மத்தியானத்துலயே பொழுது போனாப்ல கீது. இதுல ரோடு தெரியுமா?"

"அதெல்லாம் பழகிடும் அண்ணா" என்றான் மணிவேல்.

பழகவில்லை. என் வீட்டுக்காரர் தினமும் சாயங்காலம் அடி அண்ணாமலைக்கு மொபெட்டில் போய்ப் பால் எடுத்து வருவார். அன்றைக்குப் பால் கேனோடு திரும்பி வரும்போது, பொழுது சாய்ந்த நேரத்தில், வளைவில் அந்த வெள்ளை வண்டி அவரை அடித்துப் போட்டது. ஓட்டியது இளஞ்செழியன். ஓரமாக வந்தவரைத் தள்ளிவிட்டு, வலது கால் மேல் ஏறித்தான் நின்றது. உயிர் தப்பியது. முட்டிக்குக் கீழே எலும்பு நொறுங்கிக் கம்பி வைத்துத் தைத்தார்கள். அந்தக் கால் இனி மடங்காது என்று சொல்லிவிட்டார்கள்.

நான் கடையைப் பூட்டிக்கொண்டு ஆஸ்பத்திரி வராந்தாவில் கிடந்தேன். மறுநாள் பிரேக் இன்ஸ்பெக்டர் வந்து வண்டியைப் பார்த்தபோது முன் கண்ணாடி குழாய்த் தண்ணீர் மாதிரி தெளிவாக இருந்ததாம். பிலிமும் இல்லை, பசையின் பிசுக்கும் இல்லை. "எனக்கு ரோடு பளிச்சுனு தெரிஞ்சுது, அவன்தான் திடீர்னு குறுக்க வந்துட்டான்" என்று இளஞ்செழியன் எழுதிக் கொடுத்துவிட்டார். தப்பு என் வீட்டுக்காரர் மேல் என்று ஆகிவிட்டது.

அவ்வளவு சுத்தமாக உரித்து, பசையைச் சுரண்டித் துடைத்துக் கொடுக்க இந்த ஊரில் ஒரே ஒரு கைதான் உண்டு. நேரே அவனிடம் போய்க் கேட்டேன்.

"நான் அந்த வண்டிக்கு ஒட்டவே இல்ல அக்கா" என்றான். என் முகத்தைப் பார்க்காமல், ஒரு சீட் கவரை மடித்துக்கொண்டே சொன்னான்.

"உங்க அண்ணன்தான்டா முனை பிடிச்சுக் குடுத்தாரு!"

"அது வேற வண்டிங்க அக்கா. அண்ணன் மறந்துட்டு சொல்றாரு."

அன்றிலிருந்து அவனுக்கு என் கடையில் டீ கிடையாது. ஒருநாள் பழக்கதோஷத்தில் வந்து நின்றான். ஆற்றிய டீயை அவன் கண்ணெதிரே சாக்கடையில் ஊற்றினேன். பெஞ்சில் இருந்தவர்கள் எனக்குத்தான் புத்தி சொன்னார்கள். நல்ல பையன், பெரிய இடத்துச் சமாச்சாரம், அவன் என்ன செய்வான் என்றார்கள். அத்தனை பேரும் அந்த வண்டியைக் கறுப்புக் கண்ணாடியோடு பார்த்தவர்கள். வாய் திறக்கத்தான் ஒருவருக்கும் தெம்பில்லை. கேஸைப் பார்த்த சப் இன்ஸ்பெக்டர் அருணாதேவி மட்டும் ஒளிவு மறைவில்லாமல் சொன்னார். "பிலிம் இருந்துச்சுன்னு எனக்கும் தோணுதும்மா. ஆனா ஒட்டினவன் இல்லங்கிறான். வேற இன்னா காட்டுவீங்க?"

அதுகூடப் பரவாயில்லை. என் வீட்டுக்காரர் கடையில் ஒரு ஸ்டூலில் காலை நீட்டிப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பார். ஊர் திரும்பத் திரும்பச் சொன்னதைக் கேட்டுக் கேட்டு, ஒருநாள் என்னையே கேட்டார்.

"ஏன் சரோ, நான்தான் குறுக்க போயிட்டனோ?"

காலை முடக்கியது போதாதென்று, அவர் கண்ணால் பார்த்ததையும் அவரிடமிருந்து பிடுங்கிக்கொண்டார்கள். இனி எனக்கு நஷ்டஈடு வேண்டாம், ஒன்றும் வேண்டாம், அந்த மணிவேல் வாயால் உண்மை வர வேண்டும், அது இவர் காதில் விழ வேண்டும் என்று அப்போது நினைத்தேன்.

கொஞ்ச நாளில் மொபெட்டை ஸ்டேஷனிலிருந்து விட்டார்கள். அதன் முன்னால் மாட்டியிருந்த சின்ன அண்ணாமலையார் படம் கண்ணாடி நொறுங்கிக் கிடந்தது. உடைந்த சாமி படத்தை வீட்டில் வைக்கவும் கூடாது, குப்பையில் போடவும் மனம் வராது. எல்லாரையும் போல நானும் அதை எடுத்துக்கொண்டு, எங்கள் கடைகளுக்குப் பின்னால் இருக்கும் அரசமரத்துப் பிள்ளையாரிடம் போனேன். அங்கே மரத்தைச் சுற்றி இதே மாதிரி படங்கள் நிறையக் கிடக்கும். சட்டம் உடைந்த முருகன், கரையான் தின்ற லட்சுமி, பழைய காலண்டர் சாமிகள். படத்தைச் சாய்த்து வைக்க இடம் தேடியபோது, பிள்ளையாருக்குப் பின்னால் கறுப்பாக ஒன்று சுருட்டி வைத்திருந்தது. சும்மா போட்டது இல்லை. மஞ்சள் நூலால் கட்டி, மேலே இரண்டு செம்பருத்திப் பூ வேறு வைத்திருந்தது. பூ காய்ந்து கருகியிருந்தது.

பிரித்தேன். மலை, தீபம், அண்ணாமலையார் துணை, ஆர்த்தி.

பக்கத்துக் கண்ணாடிப் பிலிம்களை எரித்தோ புதைத்தோ விட்டிருப்பான், யார் கண்டது. மலை இருக்கிற துண்டை எரிக்க அவனுக்குக் கை வரவில்லை. எனக்கு வந்த கோபத்தில் கண் இருட்டியது. பயபக்தியாம்!

அருணாதேவி மேடத்துக்குப் போன் போட்டேன், வந்தார். அவன் கடைக்குள் போய் மேஜை மேல் பிலிமை விரித்தோம். அவன் முகம் வெளுத்தது. ஆனாலும் வாய் குறையவில்லை.

"எத்தினியோ வண்டிக்கு ஒட்டறேன் மேடம். ஆர்த்தின்னு ஊர்ல எவ்ளோ பேர் இருக்காங்க."

"அப்ப இது இளஞ்செழியன் வண்டிது இல்ல?"

"இல்ல மேடம். எவனோ எதையோ கொண்டாந்து போட்டிருக்கான். எனக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்ல."

மேடம் என்னைப் பார்த்தார். நான் பிலிமை எடுத்துக்கொண்டு போய், அவன் கடை வாசற்படியில், மலை மேலே தெரியும்படி அகல விரித்தேன். காற்றில் பறக்காமல் இருக்க ஓரத்தில் இரண்டு ஹாரனை எடுத்து வைத்தேன். பிறகு நான் வெளியே நின்றுகொண்டேன். மேடம் நான் விரிப்பதற்கு முன்பே வெளியே வந்திருந்தார். பெஞ்சில் இருந்தவர்கள் டீயோடு எழுந்து வந்தார்கள்.

"உன்னுது இல்லல்ல? சம்பந்தமே இல்லல்ல? வெறும் பிளாஸ்டிக். மிதிச்சுட்டு வாடா வெளிய."

"அக்கா, எடுங்க அக்கா. சாமி."

"எது சாமி? எவனோ கொண்டாந்து போட்டதுன்னியே. மிதி."

ஒரு அடி முன்னால் வைத்தான். படி வரைக்கும் வந்த கால் அந்தரத்தில் நின்று பின்னால் போனது. எல்லாரும் பார்த்தோம். பொய் சொல்லும்போது ஒரு நாளும் பின்வாங்காதவன். என்னால் அதற்கு மேல் அடக்க முடியவில்லை.

"எங்க வீட்டுக்காரர் கால் மேல வண்டி ஏறினப்ப இந்த மலை அந்தக் கண்ணாடிலதான்டா இருந்துச்சு! அதை மிதிக்க உனக்குக் கால் கூசுது. அவரு கால் உனக்கு இன்னாடா பாவம் பண்ணுச்சு? உனக்கு முனை பிடிச்சுக் குடுத்துட்டு நின்ன கால்தானே?"

மணிவேல் அந்தப் படிக்கு உள்பக்கம் அப்படியே உட்கார்ந்துவிட்டான். முகத்தைக் கையால் மூடிக்கொண்டு என்னவோ முனகினான்.

"சத்தமாச் சொல்லு. எனக்கில்ல. அங்க உக்காந்திருக்காரு பார், அவருக்குக் கேக்கணும்."

"நான்தான் ஒட்டினேன்" என்றான். பிறகு குரல் உடைந்து கத்தினான். "நான்தான் ஒட்டினேன் அண்ணா! இளஞ்செழியன் அன்னிக்கே வந்து உரிக்கச் சொன்னாரு, உரிச்சேன். பொழுது சாஞ்சா அந்தக் கண்ணாடில ஓரத்துல வர்றவங்க தெரியவே மாட்டாங்க. எனக்குத் தெரியும். தெரிஞ்சுதான் ஒட்டினேன்."

மேடம் குனிந்து ஹாரன்களை நகர்த்திவிட்டுப் பிலிமைச் சுருட்டி எடுத்தார். வழி திறந்த பிறகும் அவன் எழுந்திருக்கவில்லை. எனக்கு அவன் மேல் இரக்கம் வரவில்லை, இன்றைக்கும் வரவில்லை.

நான் என் கடைக்குத் திரும்பினேன். அடுப்பில் பால் பொங்கி வழிந்துகொண்டிருந்தது. என் வீட்டுக்காரர் ஸ்டூலில் நீட்டிய காலைப் பார்த்தபடி இருந்தார்.

"சரோ" என்றார். "அப்ப நான் குறுக்க போவல."

"போவலங்க" என்றேன்.