மேல்மலையனூருக்குப் போகாத அமாவாசைகள்

சிங்கவரம் மலைப்படியில் அக்கா ஒன்பது முறை உட்கார்ந்தாள். நான் எண்ணினேன். அக்கறையில் எண்ணவில்லை, எரிச்சலில் எண்ணினேன். வெயில் ஏறுவதற்குள் மேலே போய்விட வேண்டும் என்று நான்கு படி முன்னால் நின்றுகொண்டு அவளைத் திரும்பித் திரும்பிப் பார்த்தேன். ஒன்பதாவது முறை இடது தோளை வலது கையால் அமுக்கிப் பிடித்தபடி, "ஒரே ஒரு நிமிஷம்டி" என்றாள். "நீ இப்படி உக்காந்து உக்காந்து வந்தா படுத்துனு இருக்கிற சாமி எழுந்தே போயிடும்க்கா" என்றேன். சிரித்தாள். அதற்குப் பதினைந்தாம் நாள் அவள் இல்லை. அவள் அப்படி உட்கார்ந்ததைச் சொல்ல வேண்டிய இடத்தில் நான் சொல்லவில்லை. பிறகு ஆறு வருஷம் யாரிடமும் சொல்லவில்லை. இதில் சொல்லப்போவது அதைத்தான்.

அக்கா என்று சொல்வது என் ஓரகத்தியை. என் கணவரின் அண்ணன் மனைவி. செஞ்சி கடைவீதியில் எங்கள் வீட்டாருக்குப் பாத்திரக்கடை; கடைக்குப் பின்னால் வீடு. வீட்டுக்குள் அவளை நான் "வாங்க, போங்க" என்பேன். ஸ்கூட்டியில் ஏறி பஸ் ஸ்டாண்டைத் தாண்டியதும் "வாக்கா, போக்கா" ஆகிவிடும். அவள் அவலூர்பேட்டைப் பெண். பள்ளிக்கூட நாளிலிருந்து கோட்டையைப் பஸ் ஜன்னல் வழியாகவே பார்த்து வளர்ந்தவள். கல்யாணமாகி கோட்டைக்கு அடியிலேயே குடிவந்தும், ராஜகிரி மேல் என்ன இருக்கிறது என்று அவளுக்குத் தெரியாது. எனக்கும்தான். செஞ்சிக்காரர்கள் பாதிப்பேர் அப்படித்தான்.

ஒருநாள் வெளியூர்க்காரர் ஒருவர் கடைக்கு வந்து தளவானூர் குகைக்கு எப்படிப் போவது என்று கேட்டார். கடையில் இருந்த மூன்று ஆண்களுக்கும் தெரியவில்லை. "அங்க ஒண்ணும் இல்ல சார், வயக்காடுதான்" என்று அனுப்பிவிட்டார்கள். அக்கா உள்ளே கீரை ஆய்ந்துகொண்டே கேட்டிருக்கிறாள். அடுத்த அமாவாசையன்று நாங்கள் மேல்மலையனூர் அங்காளம்மன் கோயிலுக்குக் கிளம்பினோம். மாமியாருக்கு மூட்டுவலி, அவரால் முன்போல் போக முடியாது. அவர் விட்ட வழக்கத்தை மருமகள்கள் பிடித்துக்கொண்டதில் அவருக்குப் பெருமை. கூட்டு ரோட்டில் வண்டியை நிறுத்தச் சொன்ன அக்கா, "ஆத்தா எங்கயும் போயிட மாட்டா. அந்த குகைய ஒரு எட்டு பாத்துட்டு வந்துடலாமா?" என்றாள். நான் வண்டியை நேர் எதிர்ப்பக்கம் திருப்பினேன். திருப்பியது நான்தான், யார் மேலும் பழி போட முடியாது.

அதையும் சேர்த்துப் பதினேழு அமாவாசை. ஒன்றில்கூட மேல்மலையனூர் போகவில்லை. திரும்பும்போது பஸ் ஸ்டாண்டுப் பூக்கடையில் எலுமிச்சம்பழமும் குங்குமமும் வாங்கி, வண்டிக் கண்ணாடியைப் பார்த்து நெற்றியில் இழுத்துக்கொண்டு வீட்டுக்கு வருவோம். மாமியார் அந்தக் குங்குமத்தைக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். நான் செருப்பைக் கழற்றுகிற சாக்கில் குனிந்துகொள்வேன். அக்கா மட்டும் அசராமல், "கூட்டம் தாங்கல அத்த" என்பாள்.

தளவானூரில், வயலுக்கு நடுவே தனிப் பாறையைக் குடைந்த கோயில் வாசலில், இரண்டு பக்கமும் நிற்கிற கல் காவல்காரர்களில் ஒருவனைப் பார்த்து, "எங்க வூட்டுக்காரரு கல்லாவுல நிக்கிற மாதிரியே நிக்கிறான்" என்றாள். மேல்சித்தாமூர் சமண மடத்தில் ஒரு நயினார் வீட்டு அம்மா எங்களை உள்ளே கூப்பிட்டு மோர் கொடுத்தார். திருநாதர் குன்றில், பாறை நெற்றியில் இரண்டு வரிசையாக உட்கார்ந்திருக்கும் இருபத்துநான்கு தீர்த்தங்கரர்களையும் விரல்விட்டு எண்ணினாள். பக்கத்துப் பாறையில், சாப்பிடாமல் நாள்கணக்கில் இருந்து உயிரைவிட்ட ஒரு துறவியைப் பற்றி எழுத்து வெட்டியிருக்கிறார்கள் என்று ஆடு மேய்த்த பெரியவர் சொன்னபோது மட்டும் கிட்டே போய் அந்த எழுத்தை விரலால் தடவினாள். எந்த ஊருக்குப் போனாலும் அவள் கேட்பது ஒன்றுதான்: "இங்க பாக்கறதுக்கு இன்னா இருக்குது?" எல்லோரும் "இங்க ஒண்ணும் இல்லம்மா" என்பார்கள். என் பக்கம் திரும்பி, "ஒண்ணும் இல்லன்னு சொல்றாங்கன்னா கண்டிப்பா இருக்குதுடி" என்பாள். ஒரு தடவையும் அவள் வாக்கு பொய்க்கவில்லை.

சிங்கவரத்தில் சந்நிதிக்குள் போனபோது அவள் முகம் வெளிறித்தான் இருந்தது. பட்டர் விளக்கைத் தூக்கிக் காட்டிக் கதை சொன்னார். செஞ்சியை ஆண்ட ராஜா சண்டைக்குப் போகுமுன் இந்த ரங்கநாதரிடம் உத்தரவு கேட்டு வந்தாராம். போகாதே என்பதற்காகச் சாமி முகத்தைத் திருப்பிக்கொண்டாராம். ராஜா கேட்காமல் போய்ச் செத்தாராம். வெளியே வந்து பாறையில் சாய்ந்து உட்கார்ந்ததும் அக்கா சொன்னாள்: "வேணாம்னா வேணாம்னு வாயத் தொறந்து சொல்லணும். மூஞ்சத் திருப்பிக்கினா அந்த ஆளுக்கு இன்னா புரியும்?" எனக்குப் பசி. வண்டிச் சாவியை ஆட்டிக்கொண்டு நின்றேன்.

பன்னிரண்டு நாள் கழித்து அடுப்படியில் மயங்கி விழுந்தாள். பக்கத்துக் கிளினிக்குக்குத் தூக்கிப் போனோம். அவள் கணவர், மாமியார், பதின்மூன்று வயது மகள், நான். டாக்டர் ஈசிஜி எடுத்துப் பார்த்துவிட்டு, "பெருசா ஒண்ணும் தெரியல. இதுக்கு முன்னாடி நடக்கும்போது, படி ஏறும்போது மூச்சு வாங்குச்சா? தோள் வலிச்சுதா? அப்படி இருந்தா உடனே விழுப்புரம் அனுப்பணும்" என்றார். அக்கா பதில் சொல்லுமுன் மாமியார் சொன்னார்: "வூட்டு மாடியே ஏற மாட்டா டாக்டர், அவ எங்க படி ஏறப் போறா? அம்மாசைக்கு கோயிலுக்குப் போவா, அவ்வளவுதான்." அக்கா என்னைப் பார்த்தாள். சொல் என்ற பார்வையா, சொல்லாதே என்ற பார்வையா, இன்றுவரை எனக்குத் தெரியவில்லை. நான் சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்தேன். சொன்னால் பதினேழு அமாவாசையும் வெளியே வரும், ஆத்தா பேரைச் சொல்லி ஊர் சுற்றியது வெளியே வரும். என் புத்தியில் அந்த நேரம் இருந்தது அவ்வளவே. வாயுத் தொல்லை என்று மாத்திரை கொடுத்து அனுப்பினார்கள். மூன்றாம் நாள் காலையில் அவள் எழுந்திருக்கவில்லை.

சொல்லியிருந்தால் பிழைத்திருப்பாளா? தெரியாது. இந்தக் கேள்வியை எத்தனையோ தடவை கேட்டுக் கேட்டு இப்போது அது எனக்கு உறைப்பதே இல்லை. சாவு வீட்டில் நான் அழவில்லை. வந்தவர்களுக்கெல்லாம் காபி கொடுத்தேன். "மாசம் தவறாம ஆத்தாவப் பாத்தவளுக்கே இந்தக் கதியா" என்று மாமியார் ஒவ்வொருவரிடமும் சொன்னார். அப்படியே அது நிலைத்துவிட்டது. கூடத்தில் அக்கா படத்துக்குப் பக்கத்தில் அங்காளம்மன் படம் வந்தது. மகள் தன் அம்மா பெரிய பக்தை என்றே நம்பி வளர்ந்தாள். கோட்டை இப்போது உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்துவிட்டதால் கடைக்கு வழி கேட்டு வருகிறவர்கள் அதிகம். "கோட்டையை விட்டா இங்க ஒண்ணும் இல்ல சார்" என்று என் கணவர் அதே பதிலைச் சொல்கிறார். நான் உள்ளே கேட்டுக்கொண்டு இருக்கிறேன். ஸ்கூட்டியில் காய் வாங்கப் போகிறேன், வருகிறேன். வேறு எங்கும் போவதில்லை.

போன அமாவாசைக்கு அக்கா மகள் கல்லூரியிலிருந்து வந்திருந்தாள். "சித்தி, அம்மா போற மாதிரியே நீங்களும் நானும் மேல்மலையனூர் போலாம்" என்றாள். மாமியாருக்குக் கண் கலங்கிவிட்டது. என்ன சொல்லித் தட்டிக்கழிப்பது? போனோம். ஊர் எல்லையிலேயே கூட்டம் நெரித்தது. வண்டியை எங்கே நிறுத்துவது என்றே எனக்குத் தெரியவில்லை. "அம்மா எந்த எடத்துல வெளக்கு ஏத்துவாங்க? புத்து எந்தப் பக்கம்?" என்று அவள் ஆசையாகக் கேட்டுக்கொண்டே வந்தாள். "இந்தப் பக்கம்தான்" என்று நடந்தேன். அது ஒரு முட்டுச்சந்தில் போய் நின்றது. வேறு வழியில்லாமல் பூக்காரம்மாவிடம் கேட்டேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்து, "மொத தபா வர்றியா?" என்றார்.

இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். வந்தது வேறு.

"ஆமா" என்றேன்.

அக்கா மகள் சட்டென்று என் பக்கம் திரும்பினாள். சந்து முனையில் ஒரு மூடிய கடைப் படியில் உட்கார்ந்து அவளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். தளவானூரைச் சொன்னபோது அவள் முகம் மலர்ந்தது. "அம்மாவா? எங்கம்மாவா?" என்று சிரித்துக்கூடச் சிரித்தாள். சிங்கவரத்துக்கு வந்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

"அன்னிக்கு டாக்டர் கேட்டாரே சித்தி. நீங்க என் பக்கத்துலதான நின்னீங்க."

"ஆமா."

"உங்களுக்குத் தெரியும்."

"தெரியும்."

அவள் எழுந்து துப்பட்டாவைச் சரிசெய்துகொண்டாள். "நீங்க வண்டி எடுத்துனு போங்க. நான் பஸ்ல வந்துக்கிறேன்" என்றாள். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

நான் வந்து ஒருமணி நேரம் கழித்து அவள் வீட்டுக்கு வந்தாள். கூடத்தில் மாமியார் சீரியல் பார்த்துக்கொண்டிருந்தார். அவள் அப்பா சாப்பிட வந்து உட்கார்ந்திருந்தார். "ஆத்தாவ நல்லா பாத்தியா கண்ணு?" என்றார் மாமியார். அவள் என் பக்கம் திரும்பாமல், கையிலிருந்த பொட்டலத்தைப் பிரித்து, "பாத்தோம் ஆயா. கூட்டம் தாங்கல" என்றாள். அதில் எலுமிச்சம்பழமும் குங்குமமும் இருந்தன. மாமியார் குங்குமத்தை எடுக்கக் கை நீட்டினார்.

பத்தொன்பது வயதுப் பெண். இனி சாகும்வரை இதை அவளும் சுமக்க வேண்டுமா?

"இல்லைங்க அத்த" என்றேன். என் குரல் எனக்கே யாரோ பேசுவதுபோல் கேட்டது. "நாங்க கோயிலுக்குள்ள போகல. நானும் அக்காவும் ஒரு அம்மாசைக்கும் போனதில்ல. அன்னிக்கு டாக்டர் கேட்டதுக்கு என்கிட்ட பதில் இருந்துச்சு."

அக்காவின் கணவர் சாப்பாட்டுத் தட்டிலிருந்து கையை எடுத்தார். மாமியார் ரிமோட்டைத் தேடி எடுத்து, டிவியின் சத்தத்தை முழுவதும் குறைத்தார்.