அக்கா பூசிய டியூப்

எட்டாவதோடு பள்ளிக்கூடத்துக்கும் எனக்கும் ஒத்துவராமல் போனதால், பக்கத்து ஏரியாவான கசார்வாடியில் ஒரு லேத் பட்டறையில் சேர்ந்திருந்தேன். முகம் முழுக்கப் பரு. மெஷின் எண்ணெய் துடைக்கிற துணியாலேயே முகத்தையும் துடைத்துக்கொள்வேன். கட்கியில் இருக்கிற எங்கள் வீட்டுக்கு வந்தால் அம்மா, "எல்லாம் ஒடம்புச் சூடுடா" என்று சனிக்கிழமை தவறாமல் நல்லெண்ணெயை முகத்தில் அரக்கித் தேய்ப்பாள். பரு நன்றாகச் செழித்தது.

தெருவில் ஒருத்தரையும் விடாமல் கிண்டலடிக்கிற எனக்கே அக்கா 'பலாப்பழம்' என்று பேர் வைத்தாள். அடுத்த மாதம் அவளுக்குக் கல்யாணம். அதற்குள் தேறிவிட வேண்டும் என்று மெடிக்கலில் கேட்டு ஒரு டியூப் வாங்கிப் பூசினேன். சில நாளிலேயே முகம் வழவழவென்று ஆனது, கொஞ்சம் வெளுத்தும் போனது. டியூப் தீர்ந்ததும் முன்பைவிட மோசமாகச் சிவந்து, எரிந்து, சீழ் கட்டியது.

பயந்துபோய் டாக்டரிடம் ஓடினேன். காலி டியூபைப் பார்த்ததும், "பாகல் ஹை க்யா?" என்று இந்தியில், பைத்தியமா உனக்கு என்கிற மாதிரி கத்தினார். அது ஸ்டீராய்டாம். பூசுகிறவரை பருவை அமுக்கி வைக்குமாம். நிறுத்தினால் வட்டியோடு திருப்பிக் கொடுக்குமாம். எண்ணெய் படக்கூடாது, கிள்ளக்கூடாது, வேறு மருந்து தருகிறேன், குறைய மாதக்கணக்கில் ஆகும் என்றார்.

வீட்டுக்கு வந்தால் அக்கா கண்ணாடி முன்னால் நிற்கிறாள். கையில் அதே டியூப், புதுசு.

"ஐயோ, தூக்கிப் போடு அத!"

"போடா. நீ மட்டும் வெளுத்தா போதுமா?"

"என் மூஞ்சிய நல்லாப் பாரு. நிறுத்தினா இதான் வரும்."

அவள் கை அப்படியே நின்றது. "அப்ப கல்யாணம் வரைக்கும் நிறுத்தாமப் பூசுறேன்."

"அப்புறம்? மாப்பிள்ளை வீட்டுல போய் வெடிச்சா?"

அழ ஆரம்பித்தாள். மறுநாள் அவளையும் டாக்டரிடம் கூட்டிப்போனேன். கொஞ்ச நாள்தான் பூசியிருக்கிறாள், இப்போதே நிறுத்தினால் அவ்வளவாக வராது, ஆனாலும் உறுதியாகச் சொல்ல முடியாது என்றார். அந்தக் கடைசி வார்த்தைதான் என்னைத் தூங்கவிடவில்லை. தினமும் காலையில் என் முகத்தை விட்டுவிட்டு அவள் முகத்தைப் பார்த்தேன்.

முகூர்த்தத்தன்று காலையில் அவள் தாடையில் மூன்று பரு.

"எப்படிடா இருக்கு? கிண்டல் பண்ணாமச் சொல்லு."

"நல்லாத்தான் இருக்கேக்கா. அழகா இருக்கே."

அக்காவின் முகம் வெளிறியது. "நீயே இப்படிச் சொல்றேன்னா... அவ்ளோ மோசமாவாடா இருக்கு?"